ரேணிகுண்டாவும் பலாலியும்

சென்னையிலிருந்து மும்பைக்கு ஓடும் மெயில் திருப்பதி ஊருக்குள் நுழைவதில்லை. ஏழுமலையானைப் பார்க்க அதில் வருகிறவர்கள் பத்து கிலோமீட்டர் முன்னாலேயே ரேணிகுண்டாவில் இறங்கி, பஸ்ஸோ ஷேர் ஆட்டோவோ பிடித்துக்கொள்ள வேண்டியதுதான். மதறாஸிலிருந்து கிளம்பிய இருப்புப்பாதை 1871இல் ராய்ச்சூரில் பம்பாய்ப் பாதையோடு இணைந்தது. கூடூரிலிருந்து திருப்பதி வழியாகக் காட்பாடிக்குப் போகும் பாதை அதை ரேணிகுண்டாவில் வெட்டிக் கடந்தது. இந்த ஊருக்குப் பேர் வந்தது அப்படித்தான். பார்க்கவென்று இங்கே பெரிதாக ஒன்றுமில்லை. பிளாட்பாரத்தில் தெலுங்கும் தமிழும் கலந்து கேட்கும், மேற்கே சேஷாசல மலைத்தொடர் ஒரு சுவர்போல் நிற்கும், அவ்வளவுதான். நான்கு திசையிலிருந்தும் தண்டவாளங்கள் வந்து சேர்ந்ததால் இது ஜங்ஷன் ஆயிற்று. ஸ்டேஷன் கட்டடம் எவ்வளவு பெரிது என்பதற்கும் இந்த ஊரின் மதிப்புக்கும் எந்தச் சம்பந்தமும் இருந்ததில்லை. ஊருக்கு வெளியே இருக்கும் விமான நிலையத்தைப் பற்றி யோசிக்கும்போது இதை மறக்காமலிருப்பது நல்லது.

திருப்பதி விமான நிலையம் என்று சொல்லப்படுவது உண்மையில் ரேணிகுண்டா விமான நிலையம். திருப்பதி ஊர் இங்கிருந்து சுமார் 15 கிலோமீட்டர், திருமலை ஏறத்தாழ 40 கிலோமீட்டர். சிறகு விரித்த கருடனை நினைவூட்டும் வடிவில் கட்டப்பட்ட புதிய முனையத்தைப் பிரதமர் மோடி 2015 அக்டோபர் 22 அன்று திறந்துவைத்தார். அதே நாளில்தான் அமராவதித் தலைநகருக்கும் அடிக்கல் நாட்டப்பட்டது. 2017இல் 'சர்வதேச விமான நிலையம்' என்ற பட்டமும் வந்தது. 2286 மீட்டராக இருந்த ஓடுபாதையை 3810 மீட்டராக நீட்டும் திட்டம் எடுக்கப்பட்டு, அதற்காகச் சுற்றுக் கிராமங்களில் நிலமும் கையகப்படுத்தப்பட்டது. கட்டடம், பட்டம், நீளம் மூன்றும் சேர்ந்தன. ஆனால் பட்டம் வந்த பிறகு வந்த ஏழு ஆண்டுகளில், அட்டவணை போட்டு வெளிநாட்டுக்குப் பறக்கும் விமானம் ஒன்றுகூட இங்கிருந்து கிளம்பவில்லை. ஹைதராபாத்திலிருந்தும் பெங்களூரிலிருந்தும் வரும் பக்தர்களால் உள்நாட்டுப் பகுதி நிறைந்திருக்க, சர்வதேசம் என்பது பெயர்ப்பலகையோடு நின்றது.

தெற்கே மதுரையைப் பார்த்தால் கதை தலைகீழ். சர்வதேசப் பட்டம் வேண்டும் என்று கேட்டும் ஆண்டுக்கணக்காகக் கிடைக்காத ஊர் அது. அரசு ஏட்டில் நெடுங்காலம் அது 'சுங்க விமான நிலையம்'தான். ஆனாலும் 2012இலேயே அங்கிருந்து கொழும்புக்கு விமானம் கிளம்பிவிட்டது. பிறகு துபாய்க்கும் சிங்கப்பூருக்கும் பறந்தார்கள். திருச்சிக்குப் பட்டம் கிடைத்தது 2012இல். அதற்கு எத்தனையோ ஆண்டுகள் முன்பிருந்தே அங்கே கொழும்பு விமானமும் சிங்கப்பூர் விமானமும் கோலாலம்பூர் விமானமும் இறங்கிக்கொண்டிருந்தன. பட்டம் இல்லாத ஊரில் விமானம் பறந்தது, பட்டம் உள்ள ஊரில் பறக்கவில்லை. அப்படியென்றால் ஒரு சிறிய விமான நிலையத்தைச் சர்வதேசமாக்குவது எது? பறக்கும் உரிமை, ஊருக்கு ஏற்ற அளவில் ஒரு விமானம், வேறு வழியில் போனால் சிரமப்படுகிற பயணி ஆகிய மூன்றும் ஒன்றுகூடுவதே என்பது இக்கட்டுரையின் வாதம். கண்ணுக்குத் தெரியும் கான்கிரீட்டுக்கு அரசுகள் பணம் போடுகின்றன. தடை பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாத காகிதத்தில் இருக்கிறது.

முதலில் உரிமை. ஒரு நாட்டு விமானம் இன்னொரு நாட்டில் இறங்க வேண்டுமானால் இரு அரசுகளும் ஒப்பந்தம் போட்டிருக்க வேண்டும். வாரத்துக்கு எத்தனை இருக்கை, எந்தெந்த ஊர் என்பதெல்லாம் அதில் எழுதப்பட்டிருக்கும். அந்த ஊர்ப் பட்டியலில் இடம்பெறுவதைத்தான் 'பாயிண்ட் ஆஃப் கால்' என்கிறார்கள். இந்தியாவுக்கும் துபாய்க்கும் இடையே வாரத்துக்கு ஒரு பக்கத்துக்கு ஏறத்தாழ 66,000 இருக்கைகள் என்ற வரம்பு பத்தாண்டுக்கும் மேலாக அசையாமல் நிற்கிறது. கேரளத்தில் கண்ணூரை எடுத்துக்கொள்ளுங்கள். 2018 டிசம்பர் 9 அன்று திறக்கப்பட்ட அந்த நிலையத்துக்கு 3050 மீட்டர் ஓடுபாதை இருக்கிறது, வீட்டுக்கு ஒருவர் வளைகுடாவில் வேலைபார்க்கும் மாவட்டமும் இருக்கிறது. ஆனால் பாயிண்ட் ஆஃப் கால் கிடைக்காததால் வெளிநாட்டு நிறுவனங்கள் அங்கே வர முடியவில்லை. 2023 மே மாதம் கோ ஃபர்ஸ்ட் என்ற இந்திய விமான நிறுவனம் படுத்தபோது கண்ணூர் சட்டென்று ஆட்டம் கண்டது அதனால்தான். ஆசியான், சார்க் நாடுகளின் விமானங்கள் இருக்கை வரம்பில்லாமல் வந்து போகலாம் என்று இந்தியா 18 சுற்றுலா ஊர்களைத் திறந்துவிட்டிருந்தது. திருச்சி, கயா, விசாகப்பட்டினம், போர்ட் பிளேர் எல்லாம் அதில் உண்டு. நாளொன்றுக்கு அறுபது எழுபதாயிரம் பேர் வரும் திருப்பதி அதில் இல்லை. கயாவுக்குப் பௌத்த நாடுகளிலிருந்து விமானம் வர அந்த ஒரு வரி எவ்வளவு உதவியது என்பதை நினைத்தால், இந்த விடுபடல் சாதாரணமானது அல்ல என்பது புரியும்.

அடுத்தது பயணி. ரேணிகுண்டாவில் இறங்குகிறவர் யார் என்பதைத் திருமலைக் கோவிலை நடத்தும் தேவஸ்தானத்தின் கவுண்டர்களே சொல்லும். ஸ்ரீவாணி அறக்கட்டளைக்கு 10,000 ரூபாய் நன்கொடை கொடுத்தால் 500 ரூபாய் பிரேக் தரிசன டிக்கெட் கிடைக்கும். அதற்கான கவுண்டர் ஒன்றை விமான நிலையத்திலேயே திறந்தார்கள், போர்டிங் பாஸைக் காட்டி வாங்க வேண்டும். விமானத்தில் வருகிறவர் கையில் காசிருக்கிறது, நேரம்தான் இல்லை என்ற கணக்கு. மலைமேல் சுபதம் வாசலில் வேறொரு வரிசை நிற்கும். வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள் 300 ரூபாய் டிக்கெட்டில் போகலாம். அங்கே ஊழியர் அவர்களுடைய பாஸ்போர்ட்டைப் புரட்டிப் பார்ப்பார், இந்தியாவுக்குள் நுழைந்து ஒரு மாதம் தாண்டவில்லை என்பதற்கு இமிக்ரேஷன் முத்திரை வேண்டும். அந்த முத்திரை சென்னை மீனம்பாக்கத்திலோ பெங்களூரிலோ ஹைதராபாத்திலோ குத்தப்பட்டது. திருவள்ளூர், திருத்தணி, நகரி, புத்தூர் என்று மூன்றரை மணி நேரம் காரில் வந்து, மலையடிவாரம்வரை நெருங்கிய பிறகுதான் அவர்கள் ரேணிகுண்டா என்ற பெயரையே பார்க்கிறார்கள். ஆக, வெளிநாட்டுப் பயணி இல்லாமல் இல்லை. அவர் வேறு வாசலில் நுழைகிறார்.

வெப்பமண்டலத் தீவுகளின் அனுபவம் இங்கே உதவும். தீவுக்கு விமான நிலையம் என்பது ஆடம்பரம் அல்ல, கப்பலுக்கு மாற்று. அதனால் அங்கே எது வேலை செய்கிறது, எது செய்யவில்லை என்பது சீக்கிரம் வெளிச்சமாகிவிடும். அந்தமானில் போர்ட் பிளேரின் வீர சாவர்க்கர் நிலையம் தமிழர்களுக்குப் பழக்கமானது. சென்னையிலிருந்து இரண்டு மணி நேரம், இறங்கினால் டாக்ஸிக்காரரிடம் தமிழில் பேரம் பேசலாம். கடற்படையின் ஐ.என்.எஸ். உத்க்ரோஷ் தளத்தோடு பகிர்ந்துகொள்ளும் ஓடுபாதை அது. ஒரு முனையில் குன்று மறிப்பதால் விமானங்கள் இறங்குவது ஒரே திசையிலிருந்துதான். 'சர்வதேச' என்ற சொல்லைப் பெயரில் நெடுங்காலம் சுமந்தும், வெளிநாட்டிலிருந்து அட்டவணைப்படி வந்த முதல் விமானத்தை அது பார்த்தது 2024 நவம்பரில், கோலாலம்பூரிலிருந்து. சிப்பி வடிவப் புதிய முனையம் அதற்கு ஓராண்டுக்கு முன்புதான், 2023 ஜூலையில் திறக்கப்பட்டிருந்தது. வழியைத் திறந்தது கட்டடம்தான் என்று இதை வைத்துச் சிலர் வாதாடலாம். ஆனால் 18 ஊர்ப் பட்டியலில் அதன் பெயர் இல்லாமலிருந்து, மலேசியாவில் ஒரு நிறுவனம் அந்தமானுக்குக் கூட்டம் சேரும் என்று கணக்கும் போடாமலிருந்தால், சிப்பி எவ்வளவு அழகாக இருந்தும் பயனில்லை.

இலங்கைத் தீவில் இரண்டு விமான நிலையங்கள் இதற்கு நேரெதிர் சாட்சிகள். தெற்கே அம்பாந்தோட்டை அருகே மத்தள. 2013 மார்ச் 18 அன்று திறக்கப்பட்டது, 3500 மீட்டர் ஓடுபாதை, ஏ380 இறங்கலாம், சீன எக்ஸிம் வங்கிக் கடனில் எழுந்தது. இரண்டு ஆண்டுக்குள் ஸ்ரீலங்கன் நிறுவனமே அங்கு போவதை நிறுத்திக்கொண்டது. பிறகு அதன் சரக்குக் கிடங்கில் நெல் மூட்டைகளை அடுக்கினார்கள். யானை நடமாடும் காட்டுக்குள் கட்டியதால் ஓடுபாதைப் பக்கம் வரும் விலங்குகளை விரட்டப் படையினரை இறக்க வேண்டியிருந்தது. உலகிலேயே வெறிச்சோடிய சர்வதேச விமான நிலையம் என்ற பெயரும் சேர்ந்தது. நம் நாட்டில் பௌத்தப் புனிதத் தலமான குஷிநகரும் இதே இனம்தான். 2021 அக்டோபர் 20 அன்று கொழும்பிலிருந்து பிக்குகளை ஏற்றிக்கொண்டு வந்த ஸ்ரீலங்கன் விமானத்தோடு கோலாகலமாகத் திறந்தார்கள். அந்த விமானத்தின் பின்னால் அன்றாட வெளிநாட்டுச் சேவை என்று எதுவும் வரவில்லை. ஊர் புனிதமானது என்பதற்காக விமான நிறுவனம் நஷ்டத்தைத் தாங்காது.

தீவின் வடக்கு முனையில் பலாலி. இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் விமானப்படை போட்ட பாதை அது. 1947 டிசம்பர் 10 அன்று ஏர் சிலோன் நிறுவனம் தன் முதல் பயணத்தைத் தொடங்கியபோது, 'சீதா தேவி' என்று பேர் வைத்த டக்கோட்டா விமானம் இரத்மலானையிலிருந்து காங்கேசன்துறையில் இறங்கி, அங்கிருந்து மதறாஸுக்குப் பறந்தது. காங்கேசன்துறை விமான நிலையம் என்று அப்போது சொல்லப்பட்டது இதே பலாலிதான். போர் எல்லாவற்றையும் நிறுத்தியது. 1990இல் சுற்றியிருந்த ஊர்கள் உயர் பாதுகாப்பு வலயமாகி, மயிலிட்டி, தையிட்டி, வசாவிளான் மக்கள் வெளியேற்றப்பட்டார்கள். 2019 அக்டோபர் 17 அன்று யாழ்ப்பாணம் சர்வதேச விமான நிலையமாக அது மறுபடி திறந்தபோது, செம்மண் தோட்டங்களுக்கும் ராணுவ வேலிக்கும் நடுவே சிறியதொரு முனையமும், ஏடிஆர் 72 இறங்கும் அளவுக்குச் செப்பனிட்ட பாதையும்தான் இருந்தன. அடுத்த மாதமே அலையன்ஸ் ஏர் சென்னையிலிருந்து பறந்தது. 2020 மார்ச்சில் கொரோனாவால் நின்று, 2022 டிசம்பர் 12 அன்று மீண்டும் தொடங்கியது. 2024 செப்டம்பரில் இண்டிகோவும் சென்னையிலிருந்து வந்தது, 2025 மார்ச் இறுதியில் திருச்சியிலிருந்தும். மத்தளயின் ஓடுபாதையோடு வைத்தால் பலாலி ஒரு சந்து. ஆனால் அந்தச் சந்தில்தான் எழுபது எண்பது பேரை ஏற்றிக்கொண்டு விமானம் ஒழுங்காக வந்து போகிறது. மத்தளயில் இல்லாதது பலாலியில் இருந்தது: கடலுக்கு அந்தப் பக்கம் சொந்தக்காரர், கோவில், ஆஸ்பத்திரி, கல்யாணப் புடவை என்று காரணம் வைத்திருக்கும் மக்கள்.

இந்த இரண்டையும் வைத்துப் பார்த்தால் ரேணிகுண்டா செய்ய வேண்டியது தெளிவாகிறது. அது முதலில் குறிவைக்க வேண்டியது துபாயையோ சிங்கப்பூரையோ அல்ல, பலாலியை. ரேணிகுண்டாவிலிருந்து நேர்கோட்டில் ஏறத்தாழ 430 கிலோமீட்டர், ஏடிஆருக்கு ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிகிற தூரம். யாழ்ப்பாணத்தில் திருப்பதிக்கு நேர்ந்துகொள்ளாத குடும்பம் அரிது. இந்தியப் பயணம் என்றாலே அவர்களுக்குச் சிதம்பரம், ராமேஸ்வரம், திருப்பதி மூன்றும் ஒரே மூச்சில் வரும். பக்தர்களோடு நோயாளிகளையும் சேர்க்கலாம். வேலூர் சி.எம்.சி. இங்கிருந்து சித்தூர் வழியாகச் சாலையில் எட்டும் தூரம். காலையில் விமானம் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்குத் திருப்பதி, சென்னைப் போக்குவரத்தையும் ஒருநாள் லாட்ஜ் வாடகையையும் தவிர்க்கலாம் என்பது வயதான தாய் தகப்பனை அழைத்து வருகிறவருக்குச் சிறிய லாபம் அல்ல. பறக்கப்போவது இந்திய நிறுவனம் என்பதால் வெளிநாட்டு விமானத்துக்கான ஊர்ப் பட்டியல் சிக்கலும் இந்த வழியில் குறுக்கே நிற்பதில்லை. ரேணிகுண்டாவுக்கு ஏடிஆர் புதிதும் அல்ல, உள்நாட்டு வழிகளில் வந்து போன வண்டிதான்.

சென்னை பக்கத்தில் இருக்கும்போது இதெல்லாம் எதற்கு என்பது முதல் மறுப்பு. வலுவான மறுப்புதான். மீனம்பாக்கத்துக்கும் ரேணிகுண்டாவுக்கும் நேர்கோட்டில் 100 கிலோமீட்டர்தான். சிங்கப்பூரிலிருந்து வருகிறவருக்குச் சென்னைக்கு ஒரு நாளில் பல விமானங்கள் உண்டு. விரும்பிய நேரம், மலிவான டிக்கெட் எல்லாம் அங்கே கிடைக்கும்போது, வாரத்தில் இரண்டு நாள் மட்டும் வரும் ரேணிகுண்டா விமானத்துக்காக அவர் காத்திருக்க மாட்டார். சாலையில் மிச்சமாகும் மூன்றரை மணி நேரத்தைக் காத்திருப்பு விழுங்கிவிடும். அந்த வழியில் சென்னையை ரேணிகுண்டா வெல்லவே முடியாது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் யாழ்ப்பாணப் பயணியின் கணக்கு வேறு. அவருக்குச் சென்னைக்கே விமானங்கள் விரல்விட்டு எண்ணும் அளவுதான். கொழும்பு வழியாகப் போவதென்றால் கட்டுநாயக்க விமான நிலையத்துக்கு முதலில் ஓர் இரவுப் பயணம். அவருக்கு வாரம் மூன்று நாள் வரும் ரேணிகுண்டா விமானம் சென்னை விமானத்துக்குச் சமமாக நின்று, சாலை நேரத்தை முழுதாக மிச்சம் பிடித்துக் கொடுக்கும். பெரிய விமான நிலையத்தின் பக்கத்தில் இருக்கும் சிறிய நிலையம் பிழைப்பதற்கு வழி, பெரியது அடிக்கடி பறக்காத ஊர்களைத் தேடிப் பிடிப்பதுதான்.

வளைகுடாவை ஏன் விட வேண்டும் என்பது இரண்டாவது மறுப்பு. கடப்பா, ராஜம்பேட்டை, ராயச்சோட்டி வட்டாரத்திலிருந்து குவைத்துக்குப் போனவர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். கோடூரிலோ ராஜம்பேட்டையிலோ வீடு வைத்திருப்பவருக்கு ரேணிகுண்டா மிகவும் பக்கம். ஆட்களின் எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் குவைத், பலாலியைவிடப் பெரிய சந்தை என்பதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தத் தொழிலாளி ஊருக்கு வருவது அடிக்கடி அல்ல. முதலாளி விடுப்புக் கொடுக்கும் நாளில், கிடைக்கும் மலிவான டிக்கெட்டில் வருவார். அவரைச் சுமக்க 180 இருக்கை விமானம் வேண்டும். அந்த விமானத்தைச் சென்னையிலோ ஹைதராபாத்திலோ நிறுத்தினால் வருஷம் முழுக்க நிரம்பும் என்று நிறுவனம் கணக்குப் போடும், இருக்கை வரம்பும் அதை அங்கேயே பிடித்து வைக்கும். இமிக்ரேஷன் அதிகாரி, சுங்க அதிகாரி, தனிமைப்படுத்தும் அறை, இ-விசா பட்டியலில் பெயர் எல்லாம் சிறிய விமானத்தைச் சாக்காக வைத்து ரேணிகுண்டாவில் முதலில் நிலைகொண்டுவிட்டால், குவைத் விமானத்துக்கான செலவு அன்றைக்குப் பாதியாகக் குறைந்திருக்கும். குவைத் வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை, அது இரண்டாவது படி.

மானியம் கொடுத்து விமானத்தை வரவழைக்கலாமே என்பார்கள். ஆந்திர அரசு அதை விஜயவாடாவில் செய்து பார்த்தது. 2018 டிசம்பரில் இண்டிகோவின் சிங்கப்பூர் விமானம் அரசின் நஷ்ட ஈட்டு உத்தரவாதத்தோடு தொடங்கியது. அடுத்த ஆண்டே ஆட்சி மாறியது, உத்தரவாதம் நின்றது, விமானமும் நின்றது. ஆனால் 2022 அக்டோபர் இறுதியில் அதே விஜயவாடாவிலிருந்து ஏர் இந்தியா எக்ஸ்பிரஸ் சார்ஜாவுக்குப் பறக்கத் தொடங்கியது, ஏனென்றால் அங்கே வேலைக்குப் போகும் ஆள் இருந்தார். காலி இருக்கைக்கு அரசு பணம் கட்டினால் அந்தப் பணம் இருக்கும்வரைதான் விமானம். மானியம் கொடுத்தே ஆக வேண்டுமென்றால் 180 இருக்கைக்குக் கொடுப்பதைவிட 70 இருக்கைக்குக் கொடுப்பது மலிவு, தோற்றாலும் சேதம் குறைவு என்ற வாதம் இதிலிருந்தே கிளம்புகிறது.

ஓடுபாதையை நீட்டியது வீணா என்றால், முழுக்க வீண் என்று சொல்ல முடியாது. சித்திரை, வைகாசியில் ராயலசீமா வெயிலில் காற்று லேசாகிவிடும், நிறைய எரிபொருளும் ஆளும் ஏற்றிய விமானம் எழும்பக் கூடுதல் தூரம் ஓட வேண்டும். நீளம் அப்போது கைகொடுக்கும். சரக்கைக் காட்டி வாதாடுவதுதான் அவ்வளவு எடுபடாது. சித்தூர் மாவட்டத்தின் பெரிய ஏற்றுமதி தோத்தாபுரி மாம்பழக் கூழ். அது டிரம்களில் அடைபட்டுச் சென்னைத் துறைமுகத்துக்கு லாரியில் போய்க் கப்பலேறுகிறது, விமானக் கட்டணத்தைக் கூழ் தாங்காது. ரேணிகுண்டாவைச் சுற்றி வந்திருக்கும் மின்னணுத் தொழிற்சாலைகளுக்கு ஒருநாள் சரக்கு விமானம் தேவைப்படலாம், அன்றைக்கு நீண்ட ஓடுபாதை இருப்பது நல்லதுதான். கேள்வி எது முதலில் என்ற வரிசையைப் பற்றியது. நிலத்தைக் கொடுத்தவன் இருக்கிறான், ரேணிகுண்டாவிலும் சரி பலாலியிலும் சரி. பலாலியில் இன்னும் சொந்த நிலத்துக்குத் திரும்பக் காத்திருப்போர் உண்டு, அங்கே ஓடுபாதையை நூறு மீட்டர் நீட்டினாலும் அது யாரோ ஒருவரின் கிணறும் பனங்கூடலும். அந்த விலையைக் கொடுப்பதற்கு முன் இருக்கும் நீளத்தில் ஓடக்கூடிய விமானத்தை ஓட்டிப் பார்க்க வேண்டும்.

இதில் ஓட்டைகளும் உண்டு. யாழ்ப்பாண விமானம் அரசியலையும் இலங்கைப் பொருளாதாரத்தையும் நம்பி இருக்கிறது. தொடங்கிய நான்கு மாதத்தில் 2020இல் நின்றதும், மீண்டும் வர இரண்டரை ஆண்டுக்கு மேல் ஆனதும் நினைவிருக்க வேண்டும். மூன்று நாள் விமானத்துக்காக இமிக்ரேஷன் அதிகாரிகளை ரேணிகுண்டாவில் நிரந்தரமாக உட்காரவைப்பது கட்டுபடியாகாது என்று உள்துறை சொல்லலாம். அந்த நாள்களில் மட்டும் சென்னையிலிருந்தோ விஜயவாடாவிலிருந்தோ ஆளனுப்ப முடியும், முதலில் ஆறு மாதம் சோதனையாக ஓட்டலாம். ஓடவில்லையென்றால் நிறுத்திவிடலாம். ஏடிஆரை வேறு வழிக்கு மாற்றிக்கொள்ளலாம், மத்தளயின் 3500 மீட்டர் கான்கிரீட்டை மாற்ற முடியாது. சிறியதாகத் தொடங்குவதன் பெரிய நன்மை இதுதான்: தவறென்று தெரிந்தால் திரும்பி வர வழி இருக்கும்.

ஆகவே ரேணிகுண்டாவுக்காகக் குரல் கொடுக்கிறவர்கள் இனிமேல் கேட்க வேண்டியது மீட்டரும் சதுர அடியும் அல்ல. வாரத்தில் மூன்று நாள் பலாலிக்கு ஒரு ஏடிஆர், அந்த நாள்களில் முத்திரை குத்த அதிகாரிகள், சுற்றுலா ஊர்ப் பட்டியலில் திருப்பதி என்று ஒரு வரி. இவற்றில் எதற்கும் நிலம் எடுக்க வேண்டாம், அடிக்கல் நாட்ட வேண்டாம், அதனாலேயே எந்த அமைச்சருக்கும் அவற்றின் மேல் ஆசை வருவதில்லை. நாடாளுமன்றத்தில் திருப்பதி விமான நிலையத்தைப் பற்றி ஓர் உறுப்பினர் எழுந்து கேட்டால், விரிவாக்கத்துக்கு எத்தனை கோடி ஒதுக்கினீர்கள் என்று கேட்காமல், சர்வதேசப் பட்டம் கொடுத்த நாளிலிருந்து இன்றுவரை அங்கே எத்தனை பாஸ்போர்ட்டில் முத்திரை விழுந்திருக்கிறது என்று கேட்கட்டும். பதில் சொல்ல வேண்டிய கட்டாயம் வந்தால், வரியைச் சேர்க்கும் கையும் வந்துவிடும்.